பூனை இறந்தால் ஐந்து நாள்

குடிநீர் வாரியத்தில் வேலை பார்க்கிறவர்கள் சந்தோஷமாக இல்லை என்பதை வாரியமே ஒரு கணக்கெடுப்பு நடத்திக் கண்டுபிடித்தது. எட்டுப் பக்கக் கேள்வித்தாள். முதல் கேள்வியே, 'நீங்கள் சந்தோஷமாக இருக்கிறீர்களா?' என்பதுதான். ஆம் என்று எழுதியவர்கள் பதினொரு பேர். விசாரித்ததில் ஒன்பது பேர் கேள்வியைப் படிக்காமலே டிக் அடித்திருந்தார்கள். மீதி இரண்டு பேர் அந்த மாதக் கடைசியில் ஓய்வு பெறப்போகிறவர்கள். மேலிடம் பதறிப்போய் அவசரக் கூட்டம் போட்டது. காலியிடங்களை நிரப்பலாம், ஓடாத மின்விசிறிகளை மாற்றலாம் என்று விவரம் தெரியாத சிலர் சொல்லிப் பார்த்தார்கள். ஊழியர்களுக்குத் தேவை அன்பு, அதை ஓர் ஆப் வழியாகக் கொடுத்துவிடலாம் என்று கடைசியில் முடிவாயிற்று.

ஆளுக்கு ஓர் ஆபீஸ் போன் கொடுத்தார்கள். அதைத் தூக்கிப் பிடித்துப் பார்த்தால் மேஜைமேல் ஒரு பிராணி உட்கார்ந்திருப்பது தெரியும். விரலால் தடவினால் குழையும், பால் வைத்தால் குடிக்கும், கவனிக்காமல் விட்டால் வாடும். போனை இறக்கினால் வெறும் மேஜைதான். பிராணிகளைப் பதவி வாரியாக ஒதுக்கினார்கள். கடைநிலை ஊழியருக்கு வெள்ளெலி, குமாஸ்தாவுக்குப் பூனை, கண்காணிப்பாளருக்கு நாய், தலைமைப் பொறியாளருக்குக் குதிரை. பதவி உயர்வு வந்தால் பூனையை ஒப்படைத்துவிட்டு நாயை வாங்கிக்கொள்ளலாம்.

தலைமைப் பொறியாளரின் குதிரை முதல் மாடித் தாழ்வாரத்தில், அவர் அறைக்கு வெளியே நின்றது. வெறும் கண்ணுக்குத் தெரியாது என்பதால் அந்தப் பக்கம் போகிற எல்லோரும் சுவரோடு சுவராக ஒட்டிக்கொண்டு நடந்தார்கள். ஒரு வெள்ளெலிக்காரர் ஞாபகமறதியாகக் குதிரையின் வயிற்றுக்குள் புகுந்து அந்தப் பக்கம் வெளியே போய்விட்டார். ஏழு நாட்களுக்குள் விளக்கம் தரும்படி அவருக்குக் கடிதம் போயிற்று.

நம் கதைக்கு வேண்டியவர் பதில் பிரிவில் ஒரு குமாஸ்தா. தண்ணீர் வரவில்லை, வந்தால் நாறுகிறது, பில் மட்டும் ஒழுங்காக வருகிறது என்று மக்கள் எழுதுகிற கடிதங்களுக்கு அனுப்ப இருபத்தாறு வகைப் பதில்களை அந்தப் பிரிவில் அச்சடித்து வைத்திருந்தார்கள். பொருத்தமான எண்ணைப் பார்த்து, பெயரை நிரப்பி, முத்திரை குத்தி அனுப்ப வேண்டியது. அவர் கையில் அதிகம் புழங்கியது பதினாலாம் எண்: 'தங்கள் நிலையை எண்ணி வாரியம் மிகவும் வருந்துகிறது. ஆயினும் விதிகளில் இடமில்லை.' ஒரு நாளைக்கு நாற்பது போகும். பத்தொன்பது வருஷமாகப் போய்க்கொண்டிருந்தது. ஆபீசில் எல்லோரும் அவரைப் பதினாலு என்றே கூப்பிட்டார்கள், அவரும் திரும்பிப் பார்ப்பார்.

தினம் நாற்பது தடவை வருந்துகிற மனிதனுக்கு என்ன ஆகுமோ அது அவருக்கு ஆகியிருந்தது. நல்லது கெட்டது எதுவானாலும் ஒரே முகத்தோடு கேட்டுக்கொள்வார். கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை. ஏன் என்று கேட்டால் யோசிப்பார், அவருக்கே ஞாபகம் இருக்காது.

அப்படிப்பட்டவருடைய பூனைதான் வாரியத்திலேயே கொழுகொழுவென்று இருந்தது. காரணம் பாசம் அல்ல, பழக்கம். பத்தரைக்குப் பால், ஒரு மணிக்குச் சோறு, நாலு மணிக்குத் தடவல் என்று அட்டவணையில் போட்டிருந்ததை ஒருநாள் பிசகாமல் செய்தார். மூன்றாவது மாதம் 'சிறந்த வளர்ப்பாளர்' என்று அவர் படத்தை அறிவிப்புப் பலகையில் ஒட்டினார்கள். படத்தில் அவர் ஒரு காலி மேஜையைக் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தார்.

மற்றவர்கள் நிஜமாகவே உருகிப்போயிருந்தார்கள், அதையும் சொல்ல வேண்டும். பக்கத்து சீட்டுத் தட்டச்சர் அம்மா மதியச் சாப்பாட்டை ஒரு கையால் சாப்பிட்டுக்கொண்டே இன்னொரு கையில் போனைப் பிடித்துப் பூனையோடு பேசுவார்.

"நான் உள்ள வந்தா வாலைத் தூக்கிட்டு ஓடி வருது சார். வீட்ல மூணு பேர் இருக்காங்க, ஒருத்தராவது தலையைத் தூக்கிப் பாக்கறதில்ல" என்றார் ஒருநாள்.

பதினாலு தலையை ஆட்டினார். அந்த அம்மாவைப் பார்க்க அவருக்குப் பாவமாக இருந்திருக்க வேண்டும். மனசில் அந்த இடத்தில் ஒன்றும் இல்லை என்பது மட்டும் அவருக்குத் தெரிந்தது.

இந்த நிலையில் ஒரு செவ்வாய்க்கிழமை அக்கா வீட்டுக்காரர் போன் செய்தார்.

"மாப்ளே, அக்காவை ஆஸ்பத்திரிலேர்ந்து வீட்டுக்குக் கூட்டிட்டு வந்துட்டோம். இனிமே ஒண்ணும் பண்றதுக்கில்லன்னு சொல்லிட்டாங்க. எட்டு நாளோ பத்து நாளோ. உன்னைத்தான் கேட்டுட்டே இருக்கா. ஒரு நாலு நாள் வந்து இருந்துட்டுப் போயேன்."

அக்காவுக்கு இவரைவிட ஒன்பது வயது அதிகம். அப்பா அம்மா போனபிறகு, தம்பிக்கு வேலை கிடைத்தபின்தான் என் கல்யாணம் என்று நாலு வருஷம் வந்த வரன்களையெல்லாம் திருப்பி அனுப்பியவள். தம்பியின் கையெழுத்து கோழி கிளறினமாதிரி இருக்கும் என்று வாரியத்துக்கான விண்ணப்பத்தைத் தானே உட்கார்ந்து எழுதினாள். அந்த விண்ணப்பம் இப்போதும் அவருடைய பணிப்பதிவேட்டில் முதல் தாளாக இருக்கிறது.

அப்படியே பஸ் ஏறிப் போய்விட வேண்டியதுதானே என்று கேட்கிறவர்கள் வாரியத்தில் வேலை பார்த்தவர்களாக இருக்க முடியாது. சொல்லாமல் ஒருநாள் வராவிட்டாலும் பணித்தொடர்ச்சி அறுந்துவிடும். பத்தொன்பது வருஷமும் பூஜ்யம். முன்பெல்லாம் பன்னிரண்டு நாள் தற்செயல் விடுப்பு என்று ஒன்று இருந்தது. அன்புத் திட்டம் வந்தபோது அதை எடுத்து 'உள்ளநல விடுப்பு' என்று மாற்றி, நல அதிகாரியின் கையில் கொடுத்திருந்தார்கள். பதினாலு அவரைப் போய்ப் பார்த்தார்.

நல அதிகாரிக்கு மெல்லிய குரல். யாரையும் நண்பரே என்பார்.

"சொல்லுங்க நண்பரே, மனசு எப்படி இருக்கு?"

"அக்காவுக்கு ரொம்ப முடியல சார். நாலு நாள் லீவு வேணும்."

"அடடா." அதிகாரி கண்ணை மூடி மூன்று விநாடி இருந்தார். பயிற்சியில் சொல்லிக்கொடுத்தபடி செய்தார். "அக்கா கல்யாணம் ஆனவங்களா?"

"ஆமா சார். பத்தொம்பது வருஷம் ஆச்சு."

"அப்ப அவங்க வேற குடும்பம். நெருங்கிய குடும்பம்னா கணவன், மனைவி, பெற்றோர், குழந்தைகள், வாரியம் ஒதுக்கிய செல்லப்பிராணி. இவ்வளவுதான் பட்டியல்."

"என்னை வளர்த்தது அவங்கதான் சார்."

"எவ்வளவு அழகா சொல்லிட்டீங்க!" அதிகாரி நெஞ்சில் கை வைத்துக்கொண்டார். "அதைத்தான் நானும் எல்லா மீட்டிங்லயும் சொல்றேன். வளர்க்கறதுங்கறது பெரிய விஷயம். இப்ப நீங்க ஒரு ஜீவனை வளர்க்கறீங்க. அதுக்கு ஒண்ணுன்னா என்கிட்ட வாங்க. ஜலதோஷம்னாலே ரெண்டு நாள் குடுக்கலாம். இறந்துட்டா அஞ்சு நாள். கூடவே ஆறுதல் சொல்ல ஆளும் அனுப்புவோம். மனுஷங்களைப் பத்தி விதில கொஞ்சம் இறுக்கமாத்தான் இருக்கு, ஏன்னா மனுஷங்க விஷயத்துல நிறைய பேர் பொய் சொல்றாங்க. பூனை விஷயத்துல அப்படி முடியாது, எல்லாம் சர்வர்ல இருக்கு."

தனக்கே ஒரு பதினாலாம் எண் பதில் கிடைத்திருக்கிறது என்பது சீட்டுக்கு வந்து உட்கார்ந்தபிறகுதான் அவருக்கு உறைத்தது. கோபம் வருமா என்று கொஞ்சநேரம் காத்திருந்து பார்த்தார். வரவில்லை. அடுத்த கடிதத்தை எடுத்து முத்திரை குத்தினார்.

மறுநாள் பத்தரைக்கு அவர் பூனைக்குப் பால் வைக்கவில்லை. ஒரு மணிக்குச் சோறும் வைக்கவில்லை. இரண்டு நாள் பட்டினி போட்டால் ஜலதோஷமாவது வரும் என்பது கணக்கு. ஆனால் பசித்த பூனை கத்தும், அந்தச் சத்தம் பிரிவு முழுக்கக் கேட்கும் என்பதை அவர் யோசிக்கவில்லை. அவருடைய பூனை அதற்குமுன் கத்தியதே இல்லை.

"உங்க குட்டி அழுதுச்சு சார், நான் பால் வெச்சுட்டேன்" என்றார் தட்டச்சர் அம்மா. ஆப்பில் அப்படி ஒரு வசதியும் இருந்தது. அவர் மட்டும் அல்ல. கணக்குப் பிரிவிலிருந்து ஒருவர், வாசல் காவலாளி, ஓய்வுபெற்றும் போனைத் திருப்பிக் கொடுக்காத ஒருவர் என்று ஆளாளுக்கு வைத்தார்கள். வெள்ளிக்கிழமைக்குள் பூனை இன்னும் ஒரு சுற்று பெருத்துவிட்டது. அளவுக்கு மீறி ஊட்டியதற்காகப் பதினாலுக்கு ஓர் எச்சரிக்கைக் கடிதமும், சக ஊழியர்களிடையே அன்பைத் தூண்டியதற்காக ஒரு பாராட்டுக் கடிதமும் ஒரே உறையில் வந்தன.

அன்று மத்தியானம் போனில் அக்காவே பேசினாள். குரல் எங்கிருந்தோ வந்தது.

"டேய், சாப்ட்டியா?"

"சாப்ட்டேன்."

"லீவு தரமாட்டேங்கறாங்களாமே. மனு எழுதிக் குடு. நீ எழுதாத. யாராவது நல்ல கையெழுத்து இருக்கறவங்களா பாத்து எழுதச் சொல்லு."

"சரிக்கா."

"சிரமம்னா விடு. நான் ஒண்ணும் நினைச்சுக்க மாட்டேன்."

அவர் சொந்தப் போனைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். அப்புறம் ஆபீஸ் போனை எடுத்துக்கொண்டு முதல் மாடிக்குப் போனார்.

தலைமைப் பொறியாளரின் குதிரை மணிக்கொரு தரம் முன்னங்காலைத் தூக்கி நிற்கும், பிறகு நாலு தப்படி நடந்து பழைய இடத்துக்கே வரும். பூனையை விரலால் இழுத்து எங்கே வேண்டுமானாலும் வைக்கலாம். மூன்று மணி அடிக்க ஒரு நிமிஷம் இருக்கும்போது பதினாலு தம் பூனையைக் குதிரையின் காலடியில் கொண்டுபோய் வைத்தார். பூனை சுற்றுமுற்றும் பார்க்கவில்லை. அவரைத்தான் பார்த்தது; பிறகு நாலு மணித் தடவல் இன்று சீக்கிரமாகவே வந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டதோ என்னவோ, மல்லாந்து படுத்து வயிற்றைக் காட்டியது. அவருக்கு வெட்கமாகப் போயிற்று. ரொம்ப நாளைக்கப்புறம் ஏதோ ஒன்று உள்ளே சுருக்கென்றதால் அது வெட்கம்தானா என்று அவரால் நிச்சயமாகச் சொல்ல முடியவில்லை. அதற்குள் மணி மூன்று ஆகிவிட்டது.

'உங்கள் செல்லம் உங்களைவிட்டுப் பிரிந்தது. மீண்டும் தொடங்கவா?' என்று போன் கேட்டது. வேண்டாம் என்பதை அழுத்தினார்.

நேரே நல அதிகாரியிடம் போய் ஐந்து நாள் கேட்டார். நல அதிகாரி எழுந்துவந்து கையைப் பிடித்துக்கொண்டார். இறந்த இடம் எது என்று தெரிந்ததும் பிடித்த கையை விட்டுவிட்டார்.

"குதிரை காலடியிலயா? எந்தக் குதிரை? ஐயையோ நண்பரே, இது அவ்வளவு சுலபமில்லையே. இதுல பெரியவர் சம்பந்தப்பட்டிருக்காரே."

விசாரணைக் குழு போட்டார்கள். மூன்று பேர் கொண்ட குழு சனிக்கிழமையும் திங்கட்கிழமையும் செவ்வாய்க்கிழமையும் உட்கார்ந்தது. தலைமைப் பொறியாளர் தாமாகவே முன்வந்து சாட்சி சொன்னார்.

"என் குதிரையை எனக்குத் தெரியும். இந்த முப்பது வருஷ சர்வீஸ்ல நான் யாரையும் வேணும்னு மிதிச்சதில்ல. வழில வந்து நின்னவங்க இருக்காங்க, அது வேற விஷயம். பதவின்னு ஒண்ணு இருந்தா காலைத் தூக்கித்தான் ஆகணும், தூக்கின காலைக் கீழ வெச்சுத்தான் ஆகணும். அடில யார் இருக்கான்னு குனிஞ்சு பாத்துட்டிருந்தா வாரியம் நடக்குமா?"

குழு அதை அப்படியே எழுதிக்கொண்டது. குமாஸ்தா தரத்துப் பூனை முதல் மாடித் தாழ்வாரத்துக்கு எப்படிப் போயிற்று என்ற கேள்வி எழுந்தது. தட்டச்சர் அம்மாவைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். அவர் பேச ஆரம்பித்ததும் அழுதுவிட்டார். அது கொஞ்ச நாளாகவே சாப்பிடாமல் ஏங்கிப்போயிருந்தது, சாருக்கு வீட்டில் ஏதோ கஷ்டம், அதைத் தாங்காமல்தான் எங்காவது போயிருக்கும் என்றார். குழுவில் ஒருவர் மூக்கைச் சிந்தினார். பதினாலை ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்கள்: குதிரைமேல் வருத்தம் ஏதும் உண்டா? இல்லை என்றார்.

இந்த மூன்று நாளில் மாமா ஐந்து முறை போன் செய்தார். ஒவ்வொரு முறையும், விசாரணை நடக்குது மாமா, இன்னிக்கு முடிஞ்சிரும் என்றார் பதினாலு. எதைப் பற்றிய விசாரணை என்று மாமா கேட்கவில்லை. பெரிய ஆபீஸ் என்றால் அப்படித்தான் இருக்கும் என்று நினைத்திருப்பார்.

செவ்வாய்க்கிழமை மாலை தீர்ப்பு வந்தது. பூனை இயற்கையாகவே ஆயுள் முடிந்து, தற்செயலாக அதே விநாடியில், தற்செயலாகக் குதிரைக்கு அடியில் இறந்தது என்று குழு ஒருமனதாகக் கண்டறிந்தது. ஐந்து நாள் விடுப்பு அனுமதிக்கப்பட்டது. ஆனால் இறந்தது பரிசு பெற்ற பூனை என்பதால் முழு மரியாதையோடு இரங்கல் கூட்டம் நடக்கும். விடுப்பின் முதல் நாளான புதன்கிழமை அதற்குச் செலவாகும். உரியவர் கட்டாயம் வர வேண்டும், வராவிட்டால் துக்கம் இல்லை என்று கருதி விடுப்பு ரத்து செய்யப்படும்.

"நான் ஊருக்குப் போகணும் சார். அங்க அக்கா..."

"புரியுது நண்பரே" என்றார் நல அதிகாரி. "துக்கத்துல மனசு இப்படித்தான் எங்கெங்கயோ ஓடும். ஒரே ஒரு நாள் தாங்கிக்கங்க."

புதன்கிழமை பத்தரை மணிக்கு மூன்றாம் மாடிக் கூடம் நிரம்பிவிட்டது. இருநூறு பேர் இருக்கும். மேடையில் பூனையின் பெரிய படம், சுற்றிலும் பூ. பதினாலை முதல் வரிசையில் தனி நாற்காலியில் உட்காரவைத்தார்கள். செல்லங்களின் சத்தத்தை அணைத்துவிடும்படி ஒலிபெருக்கியில் கேட்டுக்கொண்டார்கள். எல்லோரும் எழுந்து நின்றார்கள். தலைமைப் பொறியாளரின் குதிரையும் வந்திருப்பதாகச் சொல்லி மேடையின் இடது பக்கம் ஒரு நீளமான இடத்தைக் காலியாக விட்டிருந்தார்கள்.

இரண்டு நிமிட மௌனம் ஆரம்பித்ததும் அவர் சட்டைப்பையில் சொந்தப் போன் அதிர்ந்தது. நின்றது. மறுபடியும் அதிர்ந்தது. இருநூறு பேர் மூச்சு விடாமல் நிற்கிற கூடத்தில் அந்த உறுமல் பின்வரிசைவரை கேட்டது. யாரோ உஸ் என்றார்கள். மூன்றாம் முறை அது ஒரே ஒருதரம் துடித்து அடங்கியது. அவர் மெல்ல எடுத்துப் பார்த்தார்.

'அக்கா போயிட்டா. நீ வந்துரு.'

மௌனம் முடிய இன்னும் ஒரு நிமிஷம் இருந்தது. அவர் நின்றுகொண்டிருந்தார். ஒன்றும் ஆகாது என்றுதான் முதலில் நினைத்தார், ஏனென்றால் வழக்கமாக ஒன்றும் ஆகாது. அப்புறம் நாற்காலியைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தார். வாயிலிருந்து வந்த சத்தம் அவருக்கே யாருடையதோ போலக் கேட்டது. அக்கா, அக்கா என்றுதான் அழுதார். வார்த்தை உருவாகி வரவில்லை.

கூடம் உடைந்துபோயிற்று. தட்டச்சர் அம்மா ஓடிவந்து அவர் தலையைப் பிடித்துக்கொண்டு அழுதார். கண்காணிப்பாளர்கள் அழுதார்கள். வெள்ளெலிக்காரர்கள் அழுதார்கள். தலைமைப் பொறியாளர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டி மறுபடி கழற்றினார். நல அதிகாரி ஒலிபெருக்கியைப் பிடித்தார்.

"பாருங்க நண்பர்களே. இவரை நமக்கெல்லாம் தெரியும். பத்தொம்பது வருஷத்துல இவர் முகத்துல ஒரு சுருக்கம் விழுந்து பாத்திருக்கோமா? ஆறே மாசத்துல நம்ம திட்டம் இவருக்கு அழக் கத்துக்குடுத்திருக்கு. இதை ஒரு சாதனைன்னு நான் சொல்லல, மேலிடத்துக்குப் போற அறிக்கைல சொல்லப்போறேன். யாராவது இதை வீடியோ எடுத்தீங்களா?"

நாலைந்து பேர் எடுத்திருந்தார்கள்.

சாயங்காலம்தான் பஸ் கிடைத்தது. மறுநாள் காலை வெயில் ஏறியபிறகுதான் ஊர் போய் இறங்கினார். அவருக்காக வைத்துக்கொண்டு காத்திருந்தார்கள். வாசலில் வாடகை நாற்காலிகளில் மாமாவின் அண்ணன்மார், அவர்கள் பிள்ளைகள், தெருக்காரர்கள் எல்லோரும் உட்கார்ந்து ஏதோ பேசிக்கொண்டிருந்தார்கள். யாரும் உரக்க அழவில்லை. அக்காவின் பக்கத்து ஆட்கள் என்று அங்கே வேறு யாரும் இல்லை, இவர் ஒருவர்தான். உள்ளே போய் அவள் கால்மாட்டில் நின்றார். அழுகை நேற்றே தீர்ந்துவிட்டிருந்தது.

மாமா வந்து தோளில் கை வைத்தார். அவர் முகத்தில் கோபம் இல்லை, களைப்புதான்.

"கடைசில லீவு குடுத்தாங்களா மாப்ளே?"

"குடுத்தாங்க மாமா. அஞ்சு நாள்."

"அஞ்சு நாளா?" மாமா வாசல் பக்கம் திரும்பினார். "அண்ணே, கேட்டியா, அஞ்சு நாள் குடுத்திருக்காங்களாம். கட்டிக்குடுத்த அக்காவுக்கு எந்த ஆபீஸ்ல குடுக்கறான்?"

நாற்காலிகளில் பேச்சு நின்றது. ஒன்றிரண்டு பேர் எழுந்து வாசற்படி அருகே வந்தார்கள்.

"அங்க எல்லாருக்கும் சொல்லிட்டியா?" என்று கேட்டார் மாமா.

பதினாலு அக்காவின் முகத்தைப் பார்த்தார். கழுவித் துடைத்துத் தலை சீவியிருந்தார்கள். வகிடு கொஞ்சம் கோணலாக இருந்தது.

"கூட்டம் போட்டாங்க மாமா. இருநூறு பேர் எழுந்து நின்னாங்க. எல்லாரும் அழுதாங்க. தலைமை எஞ்சினியர்கூட அழுதாரு."

மாமாவின் வாய் கோணியது. சட்டைக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, கட்டிலோரம் மண்டிபோட்டு, காது மந்தமானவர்களிடம் பேசுவதுபோல உரக்கச் சொன்னார்.

"கேட்டியாடி? உன் தம்பி ஆபீஸ்ல இருநூறு பேர் எழுந்து நின்னாங்களாம் உனக்கு."